இரண்டாம் அச்சுதான் முதல் இசைத்தட்டு

மான்செஸ்டரின் ஜாய் டிவிஷன் என்ற ராக் குழு 1978 ஜூனில் தானே வெளியிட்ட ‘ஆன் ஐடியல் ஃபார் லிவிங்’ என்ற ஏழு அங்குல இசைத்தட்டைப் பற்றி யார் பேசினாலும் பேச்சு கடைசியில் ஒரே இடத்துக்குத்தான் வந்து சேருகிறது. ஒலி மோசம்தான், ஆனால் அந்த மோசத்தில்தான் உண்மை இருக்கிறது என்பார்கள். பின்னாளில் வந்த ஆல்பங்கள் மெருகேற்றப்பட்டவை, இதுவோ பச்சையானது, கலப்படமில்லாதது என்பார்கள். இந்த ஒரு தட்டு என்றில்லை, எழுபதுகளின் இறுதியில் இங்கிலாந்தில் சொந்தச் செலவில் தட்டு போட்ட ஏறக்குறைய எல்லா போஸ்ட்-பங்க் (பங்க் ராக்கை அடுத்துப் பிறந்த சோதனை இசை) குழுக்களின் முதல் வெளியீட்டுக்கும் இதே பாராட்டுப் பத்திரம் வாசிக்கப்படுகிறது. நானும் இந்தப் பேச்சைத் தலையாட்டிக் கேட்டிருக்கிறேன். மறுத்துச் சொல்ல என்னிடம் எதுவும் இருக்கவில்லை. ஆனாலும் ஒவ்வொரு முறையும் ஏதோ ஒன்று உறுத்திக்கொண்டே இருந்தது. ஒரு குழு பாடுபட்டு எழுப்பிய இரைச்சலையும், அந்த இரைச்சலின் மேல் எவருடைய விருப்பமும் இல்லாமல் வந்து படிந்த மந்தத்தையும் ஒரே மூச்சில் புகழ்வது எப்படிச் சரியாகும் என்ற கேள்விதான் அது.

இசைத்தட்டுகள் சேகரிக்கும் ஒருவர் எனக்கு நெடுநாள் பழக்கம். வயதில் மூத்தவர், அண்ணன் என்றுதான் அழைப்பேன். இந்த விஷயத்தில் எங்களுக்குள் ஒருபோதும் ஒத்துப்போனதில்லை. “தம்பி, காசு இல்லாதவன் போட்ட தட்டு காசு இல்லாத மாதிரிதான் கேட்கணும். அதை நல்லா கேட்க வச்சா பொய்யாயிடும்” என்பது அவருடைய நிலை. கேட்பதற்கு அழகான வாதம், உடனே தள்ளிவிடவும் முடியாது. இந்தத் தட்டுகளில் பல, தங்கள் வறுமையை ஒளிக்காமல் உறையிலேயே எழுதி வைத்தவை என்பது அவர் பக்கத்துக்கு வலுச் சேர்க்கிறது.

மான்செஸ்டரின் பஸ்காக்ஸ் குழு 1977 ஜனவரியில் நியூ ஹார்மோன்ஸ் என்று தாங்களே பெயர் வைத்துக்கொண்ட லேபிளில் (வெளியீட்டு நிறுவனத்தில்) வெளியிட்ட ‘ஸ்பைரல் ஸ்கிராட்ச்’ இதற்கெல்லாம் முன்னோடி. ஏறத்தாழ 500 பவுண்டு, அதுவும் கடன். அந்தக் கடனில் பாதியைக் கொடுத்தவர் குழுவில் கிட்டார் வாசித்த பீட் ஷெல்லியின் தந்தை. 1976 டிசம்பர் 28 அன்று நான்கு பாடல்களையும் சில மணி நேரத்தில் பதிவுசெய்து, அன்றே ஒலிக்கலவையையும் முடித்துவிட்டார்கள். ஒவ்வொரு பாடலும் எத்தனையாவது டேக் (பதிவு முயற்சி), அதன்மேல் பிறகு என்ன சேர்க்கப்பட்டது என்பதை உறையில் அச்சிட்டார்கள். ‘பிரேக்டவுன்’ மூன்றாவது டேக், அதில் எதுவும் சேர்க்கப்படவில்லை. ‘போர்டம்’ முதல் டேக், பிறகு ஒரு கிட்டார் மட்டும் சேர்க்கப்பட்டது. அந்தப் பாடலில் வரும் தனி கிட்டார் வாசிப்பு இரண்டே இரண்டு சுரங்களைத் திரும்பத் திரும்பத் தட்டிக்கொண்டிருப்பது. கேலி, சோம்பல், துணிச்சல் மூன்றும் அந்த இரண்டு சுரத்துக்குள் அடங்கிவிடுகின்றன. முதலில் அச்சடித்தது ஆயிரம் பிரதி, விற்றுத் தீர்ந்தது பதினாறாயிரம் வரை.

அதே ஆண்டு லண்டனின் டெஸ்பரேட் பைசிக்கிள்ஸ் குழுவினர் இன்னும் சிக்கனமாகப் போனார்கள். முதல் தட்டில் இருந்தவை இரண்டே பாடல்கள், தட்டின் இரண்டு பக்கத்திலும் அதே இரண்டு பாடல்கள்தான். மொத்தச் செலவு 153 பவுண்டு. 1978இல் ஸ்கிரிட்டி பொலிட்டி குழுவினர் தங்கள் முதல் தட்டின் உறையில் கணக்குப் பேரேட்டையே திறந்து வைத்தார்கள். கேம்பிரிட்ஜ் ஸ்டுடியோவில் 14 மணி நேரத்துக்கு 98 பவுண்டு, 2,500 பிரதிகள் அச்சிட இவ்வளவு, தட்டின் நடுத்தாளில் குத்தும் ரப்பர் முத்திரைக்கு இவ்வளவு என்று வரிவரியாக. யார் வேண்டுமானாலும் செய்யலாம், செலவு இதுதான், போய்ச் செய்யுங்கள் என்று அழைக்கும் பட்டியல் அது. அந்த உறைகளில் ஓர் அறிவிப்பு இருக்கிறது, ஆனால் அது ஒலியின் தரத்தைப் பற்றிய அறிவிப்பு இல்லை. எங்கள் தட்டு மோசமாகக் கேட்கும், அதை ரசியுங்கள் என்று அவர்களில் எவரும் எழுதவில்லை. அண்ணனின் வாதம் சறுக்குகிற இடம் இதுதான் என்று எனக்கு வெகு நாட்களாகத் தோன்றிவந்தது, ஆனால் தோன்றுவது வேறு, காட்டுவது வேறு.

நான்கு பாட்டு, ஒரு சின்னத் தட்டு

‘ஆன் ஐடியல் ஃபார் லிவிங்’ எப்படி உருவானது என்பது இந்த இசையைப் பின்தொடர்பவர்களுக்குத் தெரிந்த கதை என்பதால் வேண்டியதை மட்டும் சொல்கிறேன். 1977 டிசம்பரில், வார்சா என்ற பெயரிலேயே இருந்தபோது, ஓல்டமில் உள்ள பென்னைன் ஸ்டுடியோவில் நான்கு பாடல்களைப் பதிவுசெய்தார்கள். பாடகர் இயன் கர்ட்டிஸ், வீட்டுக்கு மேசை நாற்காலி வாங்க வேண்டும் என்று சொல்லி வங்கியில் வாங்கிய 400 பவுண்டு கடன்தான் முதல். தயாரிப்பாளர் என்று யாரும் இல்லை, அவர்களே எல்லாம். தட்டு வெளிவருவதற்குள் பெயர் ஜாய் டிவிஷன் என்று மாறிவிட்டது. உறையை வடிவமைத்தவர் கிட்டார் வாசித்த பெர்னார்ட் சம்னர். சுவரொட்டி அளவுத் தாளை மடித்து உறையாக்கும் வேலையையும் குழுவினரே செய்தார்கள். அந்த உறையில் இருந்த ஹிட்லர் இளைஞர் படைச் சிறுவனின் படம் கிளப்பிய சர்ச்சை தனியாகப் பேச வேண்டிய ஒன்று, அதற்கு அவர்கள் பின்னாளில் சொன்ன விளக்கங்கள் எவையும் எனக்கு நிறைவளித்ததில்லை என்பதோடு நிறுத்திக்கொள்கிறேன். அச்சடித்தது ஆயிரம் பிரதி.

சிக்கல் இருந்தது தட்டின் அளவில். நான்கு பாடல்களும் சேர்ந்து பன்னிரண்டு நிமிடத்துக்குச் சற்று மேல், அதாவது பக்கத்துக்கு ஆறு நிமிடத்துக்கும் கூடுதல். ஏழு அங்குலத் தட்டு என்பது பொதுவாகப் பக்கத்துக்கு மூன்று நிமிடம், மிஞ்சினால் நான்கு நிமிடம் சுமக்கிற பண்டம். தட்டில் பாடல் என்பது வெளி விளிம்பிலிருந்து உள்நோக்கிச் சுருண்டுபோகும் ஒரே ஒரு நீண்ட பள்ளம். ஒலி எவ்வளவு பலமோ அவ்வளவுக்கு அந்தப் பள்ளம் இடமும் வலமுமாக வளைந்து ஆடும். தாழ்ந்த சுரங்கள் எல்லாவற்றையும்விட அகலமாக ஆடும். பேஸ் கிட்டாரின் ஒரு தடித்த சுரமும் டிரம்ஸின் பெரிய முழக்கமும் பள்ளத்தை அகல இழுத்து, பக்கத்துச் சுற்றோடு இடித்துவிடப் பார்க்கும். இதனால்தான் தட்டு வெட்டும்போதே, அதாவது மூலத்தட்டில் பள்ளத்தைப் பொறிக்கும்போதே, தாழ்ந்த சுரங்களைக் குறைத்து வெட்டி, ஒலிக்கும் கருவியில் மீண்டும் கூட்டிக்கொள்ளும் ஏற்பாடு இசைத்தட்டுத் தொழிலில் பொது விதியாகவே இருக்கிறது. அந்த ஏற்பாட்டுக்கும் ஓர் எல்லை உண்டு. மூன்று நிமிடத்துக்கான இடத்தில் ஆறு நிமிடத்தை அடைக்க வேண்டுமானால், சுற்றுகளை நெருக்க வேண்டும். நெருக்கினால் வளைவுகளுக்கு இடமில்லை. இடமில்லையென்றால் வெட்டுகிறவர் செய்யக்கூடியது ஒன்றுதான், மொத்த ஒலியையும் தணித்து, பேஸை இன்னும் கொஞ்சம் கழித்து வெட்டுவது. கேட்பவர் பிறகு ஒலியைக் கூட்டிக் கேட்பார், ஆனால் ஊசி உரசும் சத்தமும் சேர்ந்தே கூடும்.

இன்னொரு கஷ்டமும் இருக்கிறது. தட்டு ஒரே வேகத்தில் சுழன்றாலும், வெளி விளிம்பில் ஊசிக்கு அடியில் ஒரு நொடியில் ஓடும் பள்ளத்தின் நீளம் அதிகம், மையத்தை நெருங்க நெருங்கக் குறைந்துகொண்டே வரும். குறைந்த நீளத்தில் அதே விவரத்தைப் பொறிக்க வேண்டும் என்பதால் உயர்ந்த ஒலிகள், பாடகரின் மெய்யெழுத்துகள், சிம்பலின் சிலுசிலுப்பு எல்லாம் மழுங்கும். சிறிய தட்டில் ஆறு நிமிடம் என்றால் பள்ளம் மையத்தை ஒட்டிப் போய்த்தான் முடியும். பன்னிரண்டு அங்குலத் தட்டில் இதே வேகத்தில் வெளி விளிம்பின் ஓட்டம் ஏழு அங்குலத்தைவிட ஒன்றே முக்கால் மடங்கு அதிகம். சுற்றுகளுக்கு இடையே தாராளமாக இடமும் விடலாம். இதெல்லாம் வெட்டுகிறவர்களுக்கு அன்றாடப் பாடம், ஆனால் முதல் தட்டு போட வந்த நான்கு இளைஞர்களுக்கு யாரும் சொல்லித் தரவில்லை. அவர்களுக்குத் தெரிந்த கணக்கு எளிமையானது: நான்கு பாட்டு இருக்கிறது, இதுவே மலிவான தட்டு, எல்லாவற்றையும் போட்டுவிடலாம்.

அச்சாகி வந்த தட்டை அவர்கள் மான்செஸ்டரின் பிப்ஸ் நடன விடுதிக்கு எடுத்துப்போய் ஒலிக்கவிட்டார்கள், ஆடிக்கொண்டிருந்தவர்கள் கலைந்துபோனார்கள் என்பது குழுவினர் பின்னாளில் நினைவுகூர்ந்த கதை. பெருமையாகச் சொல்லக்கூடிய கதையாகவும் இதை மாற்றியிருக்கலாம், ஜனங்களுக்கு நாங்கள் அவ்வளவு கடினமாக இருந்தோம் என்று. அவர்கள் அப்படிச் சொல்லவில்லை. தட்டு குமைந்துபோய்க் கேட்டது என்றுதான் சொன்னார்கள்.

இரண்டு கோப்புகள்

அண்ணன் ஒருநாள் எனக்கு இரண்டு கோப்புகளை அனுப்பினார். ஒன்று 1978 ஜூனின் ஏழு அங்குலத் தட்டிலிருந்து எடுத்தது. மற்றது அதே ஆண்டு அக்டோபரில் அதே பதிவு நாடாவிலிருந்து வெட்டி வெளியிட்ட பன்னிரண்டு அங்குலத் தட்டிலிருந்து எடுத்தது. முதலாவதுதான் உயிருள்ளது என்று எனக்கு உறைக்க வைப்பதே அவருடைய நோக்கம் என்பதில் சந்தேகமில்லை. இரண்டையும் கணினியில் ஏற்றி, ஒலியலையின் படத்தைத் திறந்து பார்த்தேன். முதல் கோப்பின் அலை நடுக்கோட்டை ஒட்டி ஒடுங்கிக் கிடந்தது, இரண்டாவது அகலமாக விரிந்திருந்தது. ஒலியளவில் இவ்வளவு வேறுபாட்டோடு ஒப்பிட்டால் பலமாகக் கேட்பதே நன்றாக இருப்பதாகக் காது ஏமாறும் என்பதால், முதல் கோப்பைக் கூட்டி இரண்டையும் சமமாக்கிக்கொண்டேன். கூட்டியதும் பாடலுக்கு முன்பிருந்த அமைதியில் உரசல் சத்தம் கிளம்பி வந்தது. அதற்குப் பிறகு ‘நோ லவ் லாஸ்ட்’ பாடலின் தொடக்கத்தை மாற்றி மாற்றிக் கேட்டேன்.

அந்தத் தொடக்கம் நீளமானது. பாட்டு வந்து சேருவதற்கு முன் கருவிகள் மட்டும் வெகுநேரம் ஓடும். பீட்டர் ஹுக்கின் பேஸ் அதில் வழக்கமான பேஸ் வேலையைச் செய்வதில்லை, மெட்டையே அது தாங்கிச் செல்கிறது, கிட்டார் அதன்மேல் கிறுக்கிக்கொண்டு போகிறது. முதல் கோப்பில் இந்த இரண்டும் ஒன்றுக்குள் ஒன்று கலந்து ஒரே பழுப்பு நிறப் படலமாக இருந்தன. டிரம்ஸ் அதன் பின்னால் எங்கோ அட்டைப்பெட்டியைத் தட்டுவதுபோல் கேட்டது. உண்மையைச் சொன்னால் அது கேட்க இதமாகவே இருந்தது. கண்ணை மூடிக்கொண்டால் பழைய வானொலியைக் கேட்பதுபோன்ற ஓர் ஏக்கம் கூட வரும். இரண்டாவது கோப்புக்குத் தாவியதும் பேஸ் முன்னால் வந்து நின்றது. அதன் தந்தி ஃப்ரெட்டில் (கழுத்தின் குறுக்கே பதித்த உலோகக் கம்பியில்) மோதும் உலோகச் சத்தம் கேட்டது. கிட்டார் தனியே பிரிந்து, காதின் ஓரத்தை அறுப்பதுபோல் கூர்மையானது. டிரம்ஸின் ஹை-ஹாட் சிம்பல் ஒவ்வொரு தட்டிலும் சீறியது. கர்ட்டிஸ் கத்தத் தொடங்கும்போது அந்தக் குரல் எவ்வளவு இளமையானது, எவ்வளவு பக்குவப்படாதது என்பது அப்பட்டமாகத் தெரிந்தது. முதல் கோப்பில் அதை மந்தம் மறைத்து வைத்திருந்தது.

எதிர்பார்த்ததற்கு நேர்மாறாக நடந்தது இதுதான்: மோசமான தட்டைவிட நல்ல தட்டில் இரைச்சல் அதிகம். ஏழு அங்குலத் தட்டு அவர்களைச் சாதுவாக்கியிருந்தது. பேஸின் வலுவையும் கிட்டாரின் கூர்மையையும் குரலின் அலறலையும் அது மட்டுப்படுத்தி, எல்லாவற்றையும் நடுத்தரமான ஒரு முணுமுணுப்பாகச் சமன்செய்திருந்தது. பச்சையானது, கலப்படமில்லாதது என்று நாம் அதைப் புகழ்ந்தபோது, உண்மையில் புகழ்ந்தது தட்டின் இடப்பற்றாக்குறை செய்த மெருகைத்தான். எந்தத் தயாரிப்பாளரும் அந்தக் குழுவின் முனைகளை இவ்வளவு திறமையாக மழுக்கியிருக்க மாட்டார். கரடுமுரடை விரும்புகிறவர்கள் கையில் எடுக்க வேண்டியது இரண்டாவது அச்சைத்தான் என்பது எனக்கு அன்று ஐயமின்றித் தெளிந்தது. அண்ணனுக்கு எழுதினேன். “நீ காதால கேக்குற, நான் கதையாக் கேக்குறேன்” என்று பதில் வந்தது. அதை நான் சமாதான உடன்படிக்கையாக எடுத்துக்கொண்டேன், அவர் அப்படி நினைத்து எழுதவில்லை என்றாலும்.

அந்த இரண்டாவது அச்சை யார் கேட்டது, ஏன் வந்தது என்று யோசிக்கும்போதுதான் இந்தக் குழுவின்மேல் எனக்கு இருக்கும் மதிப்பு கூடுகிறது. ஜூனில் தட்டு வெளிவருகிறது. கையில் பணமில்லை, போட்ட கடனே மிச்சம். வெளிவந்த தட்டை அப்படியே விட்டுவிட்டு அடுத்த பாடல்களுக்குப் போயிருக்கலாம், ஒலி மோசமாக இருப்பதே எங்கள் கொள்கை என்று சொல்லியும் இருக்கலாம். அந்தக் காலச் சூழலில் அப்படிச் சொல்லியிருந்தால் நம்ப ஆட்கள் இருந்தார்கள். அதற்குப் பதிலாக நான்கே மாதத்தில் அதே நான்கு பாடல்களை மீண்டும் வெட்டி, புதிய உறையோடு, அனானிமஸ் என்று வேறொரு பெயரிட்ட லேபிளில், பன்னிரண்டு அங்குலத்தில் வெளியிட்டார்கள். புதுப் பாட்டு ஒன்றுகூட இல்லாத ஒரு வெளியீட்டுக்குப் பணம் செலவழிப்பது வியாபாரக் கணக்கில் சேராது. தாங்கள் அறையில் எழுப்பியது இதுவல்ல என்று தெரிந்தவர்கள் மட்டுமே செய்யக்கூடிய செலவு அது. அதனால்தான் அக்டோபர் தட்டையே இந்தக் குழுவின் முதல் இசைத்தட்டு என்று சொல்ல விரும்புகிறேன். ஜூனில் வெளிவந்தது அதற்கான அச்சுப்பிழைத் திருத்தப் படி.

யாருடைய இரைச்சல்

இரண்டு அச்சுகளுக்கும் சற்று முன்பு நடந்த ஒன்றை இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். 1978 மே மாதம், இந்தச் சிறு தட்டு வெளிவருவதற்கு முன்பே, ஆர்சிஏ என்ற பெரிய இசை நிறுவனத்துக்காக ஜாய் டிவிஷன் மான்செஸ்டர் ஸ்டுடியோ ஒன்றில் ஓர் ஆல்பத்துக்கான பாடல்களைப் பதிவுசெய்தது. பதிவை நடத்தியவர்கள் அதன்மேல் சிந்தசைசர் என்ற மின்னணு இசைக்கருவியைச் சேர்த்தார்கள். குழுவுக்கு அது பிடிக்கவில்லை. பெரிய நிறுவனத்தின் வாசல் திறந்திருந்த நேரத்தில் அந்தப் பதிவைக் கிடப்பில் போட்டுவிட்டு விலகினார்கள். ஆக, ஒரே கோடையில் இரண்டு விதமாக அவர்களுடைய ஒலி அவர்கள் கையைவிட்டுப் போகிறது. ஒன்றில் வேண்டாதது சேர்க்கப்படுகிறது, மற்றதில் வேண்டியது கழிக்கப்படுகிறது. முதலாவதை மறுத்ததை எல்லோரும் கொள்கைப்பிடிப்பு என்று கொண்டாடுகிறார்கள். இரண்டாவதைத் திருத்தியதை மட்டும் சேகரிப்பாளர்களின் அடிக்குறிப்பாகத் தள்ளிவிடுகிறார்கள். என் கண்ணுக்கு இரண்டும் ஒரே செயல்தான்.

இரைச்சலை வேண்டுமென்றே செய்தவர்களைப் பார்த்தால் இது இன்னும் புரியும். த்ராபிங் கிரிஸ்ல் குழு 1977 நவம்பரில் தங்கள் இண்டஸ்ட்ரியல் ரெக்கார்ட்ஸ் லேபிளில் 785 பிரதிகள் மட்டும் அச்சிட்டு வெளியிட்ட முதல் ஆல்பத்தில், கேசட்டில் பிடித்த மேடை நிகழ்ச்சிகள் அப்படியே இருக்கின்றன. அங்கே கேசட்டின் மங்கல் இசையின் ஒரு பகுதி, அவர்கள் வேண்டிப் பெற்றது. திஸ் ஹீட் குழுவின் முதல் ஆல்பம் சொந்த வெளியீடு இல்லை, நண்பர் ஒருவரின் சிறு லேபிளில் 1979இல் வந்தது. ஆனாலும் இங்கே சொல்லியாக வேண்டும், ஏனென்றால் அதிலிருக்கும் பாடல்களின் பதிவு 1976 தொடங்கி 1978 வரை நீண்டது. லண்டனின் பிரிக்ஸ்டனில் இறைச்சிக் கிடங்காக இருந்த குளிரறை ஒன்றைத் தங்கள் ஒலிக்கூடமாக ஆக்கிக்கொண்டு, நாடாவை வெட்டி ஒட்டி, வளையமாக்கி ஓடவிட்டு, மீண்டும் பதிந்து உருவாக்கிய இரைச்சல் அது. இரைச்சலுக்கு நேரம் பிடிக்கும் என்பதற்கு அதைவிட நல்ல சான்று எனக்குத் தெரியாது. அவசரத்தில் கிடைப்பது பெரும்பாலும் மங்கல்தான்.

பஸ்காக்ஸ் இதில் விதிவிலக்கு என்று யாரும் சொல்லலாம். ஐந்தே மணி நேரத்தில் முடிந்த ‘ஸ்பைரல் ஸ்கிராட்ச்’ இன்றும் ஊசியாய்க் குத்துகிறதே என்று கேட்டால், ஆமாம் என்பதுதான் பதில். அங்கே பாடல்கள் சிறியவை, அந்தத் தட்டுக்குப் பொருந்துபவை. தவிர, மிக்ஸிங் மேசையில் உட்கார்ந்திருந்தவர் மார்ட்டின் ஹான்னெட், அப்போது மார்ட்டின் ஸீரோ என்ற பெயரில். அதே ஹான்னெட்தான் 1979 ஏப்ரலில் ஸ்டாக்போர்ட்டின் ஸ்ட்ராபெரி ஸ்டுடியோவில் ஜாய் டிவிஷனின் ‘அன்னோன் பிளெஷர்ஸ்’ ஆல்பத்தைத் தயாரித்தார். டிரம்ஸின் பாகங்களைத் தனித்தனியே பிரித்துப் பதிந்தார், ஒலியைத் தாமதித்து எதிரொலிக்க வைக்கும் டிஜிட்டல் டிலே கருவியால் வெளியைப் பெரிதாக்கினார், கிட்டாரின் கனத்தைக் குறைத்து ஒரு கூடத்தின் குளிரை உள்ளே கொண்டுவந்தார். சம்னருக்கும் ஹுக்குக்கும் அது பிடிக்கவில்லை. மேடையில் தாங்கள் வாசித்த வலுவும் இரைச்சலும் அதில் இல்லை என்று வருந்தினார்கள். உலகம் அந்த ஆல்பத்தைத்தான் தலைமேல் வைத்துக் கொண்டாடியது, நானும் அதில் ஒருவன். ஆனாலும் அவர்கள் வருத்தம் நியாயமானது. அவர்கள் மனதில் இருந்த ஒலி எது என்று கேட்டால், பதிவாகி வெளிவந்தவற்றுள் அதற்கு மிக அருகில் நிற்பது 1978 அக்டோபர் தட்டுதான். அதில் பாடல்கள் பின்னாளையவற்றைப்போல் பெரியவை இல்லை. ‘வார்சா’ பாடல், தொடக்கத்தில் எண்களைக் கத்திவிட்டு ஓட்டமெடுக்கும் சாதாரணப் பங்க் பாட்டு என்றே சொல்வேன். ‘லீடர்ஸ் ஆஃப் மென்’ தன்னைத் தானே மிகப் பெரிதாக எடுத்துக்கொள்கிறது. இருந்தாலும் அந்தத் தட்டின் ஒலிக்கு உரிமையாளர்கள் அவர்கள் மட்டுமே.

உறையில் விலைப்பட்டியல் அச்சிட்ட ஸ்கிரிட்டி பொலிட்டியின் கிரீன் கார்ட்சைட், ஏழு ஆண்டுகளில் பளபளப்பான பாப் ஆல்பம் ஒன்றைச் செய்தார். ‘கியூபிட் அண்ட் சைக்கி 85’ வந்தபோது அவரைத் துரோகி என்றவர்கள் இருந்தார்கள். மலிவான ஒலியே நேர்மையான ஒலி என்று அந்த முதல் உறையை வாசித்தவர்களின் கோபம் அது. உறை சொன்னது செலவு எவ்வளவு என்று மட்டும்தான். இப்படித்தான் ஒலிக்க வேண்டும் என்ற உறுதிமொழி எதையும் அவர் யாருக்கும் கொடுத்திருக்கவில்லை.

‘ஆன் ஐடியல் ஃபார் லிவிங்’கின் அந்த ஆயிரம் ஏழு அங்குலத் தட்டுகள் இன்று சேகரிப்பாளர்களின் புதையல். போலிப் பிரதிகளும் ஏராளம், வாங்க நினைப்பவர்கள் எச்சரிக்கையாக இருக்க வேண்டும். கேட்பதற்காகத் தேடுகிறவர்களுக்கு இவ்வளவு சிரமம் வேண்டாம். 1988இல் வந்த ‘சப்ஸ்டன்ஸ்’ தொகுப்பில் இந்தப் பாடல்கள் இருக்கின்றன. ஆனால் அதை முதலில் வந்த கறுப்புத் தட்டு வடிவில் வாங்கினால் ‘வார்சா’வும் ‘லீடர்ஸ் ஆஃப் மென்’னும் மட்டுமே கிடைக்கும், ‘நோ லவ் லாஸ்ட்’ அதில் இல்லை, அதன் குறுந்தகட்டில் இருக்கிறது. தட்டில் பத்துப் பாடல், குறுந்தகட்டில் பதினேழு. பேஸ் நன்றாகக் கேட்கிற ஹெட்ஃபோனில், முதல் ஒன்றரை நிமிடத்தை அவசரப்படாமல் கேட்டுப் பாருங்கள்.